ஒப்புநோக்கும் மேசையும் உதவி இயக்குநரும்

சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலை தங்கை வீட்டுக்கு வந்தாள். கூடவே அவளுடைய மகனும் வந்திருந்தான். கோண்டாவிலிலிருந்து எங்கள் வீடு அதிக தூரமில்லை என்றாலும் காரணமில்லாமல் அவள் வருவதில்லை. கொண்டுவந்த முருங்கைக்காய்களைக் குசினியில் வைத்துவிட்டு விறாந்தையில் வந்து அமர்ந்தவள், நேராகவே விடயத்துக்கு வந்தாள்.

"அண்ணை, இவனுக்கு நீங்கள்தான் புத்தி சொல்லவேணும். இந்தியாவுக்குப் போய்ப் படம் எடுக்கிற ஆக்களிட்டச் சேரப்போறானாம். உதவி இயக்குநராம். படிச்ச படிப்புக்கு ஒரு உத்தியோகத்தைப் பாரடா எண்டால் கேக்கிறானில்லை."

மருமகனுக்கு இருபத்து நான்கு வயது. கணினித்துறையில் டிப்ளோமா முடித்தவன். கைத்தொலைபேசியால் மூன்று குறும்படங்கள் எடுத்திருக்கிறான். மூன்றையும் நான் பார்த்திருக்கிறேன். முதலாவதில் ஒன்றுமில்லை. மூன்றாவதில் வசனம் அதிகம். இரண்டாவதில், கிணற்றுக்குள் வாளியை இறக்கிவிட்ட ஒரு கிழவி, தண்ணீரை அள்ளாமல் கயிற்றைப் பிடித்தபடி நெடுநேரம் நிற்கும் காட்சியொன்று உண்டு. யாரையோ காத்து நிற்கிறாள் என்பது ஒரு சொல்லும் இல்லாமலே நமக்கு விளங்கிவிடும். அந்தக் காட்சியைப் பார்த்த அன்றிரவு எனக்கு நித்திரை வரவில்லை. ஆனால் அதை அவனிடம் நான் சொன்னதில்லை. ஏன் சொல்லவில்லை என்பதற்குப் பின்னர் வருகிறேன்.

"வெற்றிமாறனும் உதவி இயக்குநராய்த்தான் மாமா தொடங்கினவர். பாலு மகேந்திராவிட்ட எத்தினை வருசம் இருந்தவர் தெரியுமோ?" என்றான் அவன்.

"எத்தினை வருசம்?" என்று கேட்டது தங்கை.

"ஏழெட்டு வருசம் இருக்கும்."

தங்கை என் முகத்தைப் பார்த்தாள். ஒரு கிழமை அவகாசம் தரும்படி கேட்டு இருவரையும் அனுப்பி வைத்தேன். எனக்கு எழுதினால்தான் யோசனை ஓடும். முப்பது வருடத் தொழிற்பழக்கம். ஆகவே அந்தக் கிழமையில் யோசித்ததை இங்கே எழுதுகிறேன்.

முதலில், அவன் உதாரணம் காட்டிய மனிதரையே எடுத்துக்கொள்வோம். வெற்றிமாறன் 1975இல் பிறந்தவர், இராணிப்பேட்டையில் வளர்ந்தவர். தாயார் மேகலா சித்ரவேல் நாவலாசிரியர். சென்னை லொயோலாக் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் படித்துக்கொண்டிருந்தவர், முதுகலைப் படிப்பை இடையில் விட்டுவிட்டு 1990களின் இறுதியில் பாலு மகேந்திராவிடம் போய்ச் சேர்ந்தார். அந்தக் காலத்தில் பாலு மகேந்திரா தொலைக்காட்சிக்காகக் 'கதை நேரம்' என்ற தொடரைச் செய்துகொண்டிருந்தார். தமிழ்ச் சிறுகதைகளை ஒவ்வொன்றாக எடுத்துச் சிறு படங்களாக்கிய தொடர் அது. எண்ணற்ற சிறுகதைகளை வாசிப்பதும், படமாக்கத் தக்கவற்றைத் தெரிவதும், சுருக்கி எழுதுவதும் புதிதாய்ச் சேர்ந்த இளைஞரின் வேலை. கமெராவுக்குப் பக்கத்தில் போவதற்கு முன்பே புத்தகத்துக்குப் பக்கத்தில் இருத்தப்பட்டவர் அவர்.

பின்னர் 'ஜூலி கணபதி' (2003), 'அது ஒரு கனாக்காலம்' (2005) ஆகிய படங்களில் அவர் பணிபுரிந்தார். இரண்டாவது படத்தின்போதுதான் தனுஷின் அறிமுகம் கிட்டியது. தனியாகப் படம் செய்யக் கிளம்பியபோது கைவசம் இருந்த 'தேசிய நெடுஞ்சாலை' என்ற கதை, தயாரிப்பாளர் கைமாறிக் கைமாறி நின்றே போனது. வேறொரு கதையை எழுதி, 2007 தீபாவளிக்கு வந்த படம்தான் 'பொல்லாதவன்'. ஒரு நடுத்தர வர்க்கத்துப் பெடியனின் மோட்டார் சைக்கிள் களவு போவதைப் பற்றிய படம். நின்றுபோன அந்த முதற் கதையை அவர் வீசிவிடவில்லை. தன்னோடு பணிபுரிந்த மணிமாறனிடம் கொடுத்தார்; அது 2013இல் 'உதயம் என்எச் 4' என்ற பெயரில் வெளிவந்தது.

'ஆடுகளம்' 2011 பொங்கலுக்கு வந்து ஆறு தேசிய விருதுகளைப் பெற்றது. சிறந்த இயக்குநர், சிறந்த திரைக்கதை ஆகியன அவற்றுள் அடங்கும். மு. சந்திரகுமாரின் 'லாக்கப்' நூலைத் தழுவிய 'விசாரணை' 2015இல் வெனிஸ் விழாவுக்குச் சென்று, அடுத்த ஆண்டு இந்தியாவின் ஒஸ்கார் பரிந்துரையானது. 'வட சென்னை' 2018இல் வந்தது. பூமணியின் 'வெக்கை' நாவல் 2019இல் 'அசுரன்' ஆனது. ஜெயமோகனின் 'துணைவன்' சிறுகதையிலிருந்து 'விடுதலை' இரு பாகங்களாக 2023இலும் 2024இலும் வெளிவந்தது. இந்த வரிசையைப் பார்த்தீர்களானால் ஒன்று விளங்கும். நூல், நாவல், சிறுகதை என்று எழுத்திலிருந்தே திரும்பத் திரும்பப் படம் பிறக்கிறது. 'கதை நேரத்'துக்காக வாசித்த அந்த ஆண்டுகள் வீண்போகவில்லை.

மருமகன் சொன்ன கணக்கில் தவறில்லை. ஆனால் அவன் வெற்றிமாறனை மட்டும் பார்க்கிறான். நான் அவருக்குப் பின்னால் தொப்பியோடு நிற்கும் மற்ற மனிதரைப் பார்க்கிறேன்.

1980களின் நடுப்பகுதியில், எங்கள் அயலில் ஒரு வீட்டு முற்றத்தில், வாடகைக்கு எடுத்த ரீவியிலும் டெக்கிலும் 'மூன்றாம் பிறை' பார்த்தேன். கடைசியில் புகையிரத நிலையத்துச் சேற்றில் கமலஹாசன் விழுந்தெழும்பும் காட்சியில் பெண்கள் எல்லோரும் அழுதுகொண்டிருக்க, பின்னால் பாயில் இருந்த ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர், "உதை எடுத்தவன் எங்கட மட்டக்களப்புப் பெடியன் தெரியுமோ?" என்றார். ஒருவரும் நம்பவில்லை. நானும் நம்பவில்லை. படமெடுப்பவர்கள் எல்லோரும் கடலுக்கு அந்தப்பக்கம் பிறந்தவர்கள் என்பதே அன்று எங்கள் எண்ணம்.

பாலு மகேந்திரா 1939இல் மட்டக்களப்புக்கு அருகே அமிர்தகழியில் பிறந்தவர். டேவிட் லீன் 'பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்' படத்தை இலங்கையில் எடுத்த காலத்தில், பள்ளிச் சிறுவனாக அந்தப் படப்பிடிப்பைப் பார்க்கப் போனார். இயக்குநர் குரல் கொடுத்ததும் மழை பெய்தது. 'மழை' என்றதும் மழையை வரவழைக்கக்கூடியவர் இந்த மனிதர் என்ற வியப்பே தன்னைச் சினிமாவுக்கு இழுத்தது என்று பின்னாளில் அவர் பலமுறை சொல்லியிருக்கிறார். கொழும்பில் உத்தியோகம் பார்த்தார், 'தேனருவி' என்ற இலக்கிய இதழை நடத்தினார், பிறகு பூனாத் திரைப்படக் கல்லூரிக்குப் போய் ஒளிப்பதிவு கற்று 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். ராமு காரியத் அவருக்கு 'நெல்லு' படத்தைக் கொடுத்தார். 1977இல் கன்னடத்தில் 'கோகிலா'வை இயக்கினார். தமிழில் 'அழியாத கோலங்கள்' 1979இல் வந்தது.

கவனித்தீர்களா? பாலு மகேந்திரா எவரிடமும் உதவி இயக்குநராக இருந்தவரல்லர். கல்லூரியில் படித்து, ஒளிப்பதிவாளராகி, அப்படியே இயக்குநரானவர். ஆனால் அவரிடமிருந்து பாலா வந்தார். ராம், சீனு ராமசாமி, வெற்றிமாறன் எல்லோரும் வந்தார்கள். நா. முத்துக்குமார் அங்கிருந்து பாட்டெழுதப் போனார். பாலாவிடமிருந்து அமீர் வந்தார். பாலாவிடமும் அமீரிடமும் வேலை பழகிய சசிகுமார்தான், பாலு மகேந்திராவின் கடைசிப் படமான 'தலைமுறைக'ளைத் தயாரித்தார். பேரப்பிள்ளை முறையான ஒருவர் பாட்டனுக்கு எடுத்துக்கொடுத்த படம். 2013இல் அது வெளிவந்தது. 2014 பெப்ரவரி 13இல் அவர் காலமானார். தனக்கொரு குருகுலம் வாய்க்காத மனிதர் தன் வீட்டு முற்றத்தில் ஒரு குருகுலத்தை உண்டாக்கிவிட்டுப் போனார். 2007இல் 'சினிமாப் பட்டறை' என்று பெயர் வைத்துப் பள்ளிக்கூடமே தொடங்கியவர்.

உலக சினிமாவிலும் இதற்கு உதாரணங்கள் உண்டு. குரோசாவா 1936இல் உதவி இயக்குநராகச் சேர்ந்து, யமமோட்டோ கஜிரோவின் கீழ் வேலை பழகி, 1943இல்தான் முதற் படத்தை எடுத்தார். எங்கள் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் என்னைப்போலப் பத்திரிகைக்கு எழுதிக்கொண்டிருந்தவர். 1952இல் அரசாங்கத் திரைப்படப் பிரிவில் ரால்ஃப் கீனுக்கு உதவியாளராகச் சேர்ந்தார். நான்கு வருடத்தில் 'ரேகாவ' எடுத்தார். மறுபுறத்தில், எவரிடமும் உதவி இயக்குநராக இராமலே மணிரத்னமும் வந்திருக்கிறார். ஆகவே இது ஒன்றுதான் வழி என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் இந்த வழியில் என்ன கிடைக்கிறது என்பது எனக்குத் தெரியும். சினிமாவிலல்ல, வேறோர் இடத்தில் அது எனக்குக் கிடைத்தது.

1993இல் யாழ்ப்பாணத்துப் பத்திரிகை ஒன்றில் ஒப்புநோக்குநராகச் சேர்ந்தேன். கலைப்பீட மாணவனாக இருந்த எனக்கு அது பகுதிநேர வேலை. பொருளாதாரத் தடைக் காலம். மின்சாரம் இல்லை. பத்திரிகைக் கடதாசி வராதபடியால் கோடு போட்ட கொப்பித் தாள்களிலும் பத்திரிகைகள் அச்சாகின. இரவில் ஜாம் போத்தல் விளக்கின் வெளிச்சத்தில் புரூவ் பார்ப்போம். மூத்த ஒப்புநோக்குநர் ஒருவர் எனக்குப் பக்கத்தில் இருந்தார். ஆறு மாதம்வரை அவர் எனக்கு ஒன்றும் கற்பித்ததாக நினைவில்லை. நான் பார்த்து முடித்த தாளை வாங்கி, நான் விட்ட பிழைகளைச் சுழித்துத் திருப்பித் தருவார், அவ்வளவுதான்.

யாழ்ப்பாணத்தில் மரண அறிவித்தல் என்பது எவ்வளவு பெரிய விடயம் என்பது வாசகர்களுக்குத் தெரியும். முதற்பக்கச் செய்தியில் பிழை வந்தால் ஒருவரும் கேட்கமாட்டார்கள். மரண அறிவித்தலில் ஒரு மருமகனின் பெயர் விடுபட்டால் சண்டை வந்துவிடும். ஒருநாள், இறந்தவரின் பெற்றோருக்கு முன்னால் வரவேண்டிய 'காலஞ்சென்ற' என்ற சொல், அவருடைய மனைவியின் பெயருக்கு முன்னால் போய் நின்றது. அச்சுக்கோப்பவரின் பிழைதான். ஆனால் அதைப் பிடிக்க வேண்டியவன் நான். பிடிக்கவில்லை. உயிரோடிருக்கும் ஒரு பெண்ணைக் கணவனின் செத்தவீட்டன்று நாங்கள் சாகடித்துவிட்டோம்.

மறுநாட் காலை பணிமனைக்குள் போன எனக்குக் கால் நடுங்கியது. பெரியவர் ஏசவில்லை. "தம்பி, சைக்கிளை எடும்" என்றார். இருவரும் செத்தவீட்டுக்கே போனோம். பந்தலுக்குள் பறை முழங்கிக்கொண்டிருந்தது. மூத்த மகன் எங்களைக் கண்டதும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்தார். நான் வாயைத் திறப்பதற்கு முன் பெரியவர் முன்னால் போய், "பிழை என்னுடையது. கடைசியாப் பாத்தவன் நான்தான். அம்மாவிட்ட மன்னிப்புக் கேக்க வந்தனான்" என்றார். அவர் அன்றிரவு அந்தத் தாளைப் பார்த்தவரே அல்லர். உள்ளே கூட்டிக்கொண்டு போனார்கள். அந்த அம்மா நிமிர்ந்து எங்களைப் பார்த்துவிட்டு, "அவரோட நானும் போயிருந்தால் நல்லதுதானே, தம்பி" என்றார். வேறொன்றும் சொல்லவில்லை.

திரும்பி வரும்போது ஒரு தேநீர்க் கடையில் பிளேன்ரீ குடித்தோம். "இனிமேல் வாய்விட்டு வாசியும். கண் பொய் சொல்லும். வாய் பொய் சொல்லாது" என்றார். அந்தக் காலையில்தான் நான் பத்திரிகையாளனானேன் என்று நினைக்கிறேன். ஒரு எழுத்துக்குப் பின்னால் ஒரு மனிசி உட்கார்ந்திருக்கிறாள் என்பதைப் பல்கலைக்கழகத்தில் எனக்கு ஒருவரும் சொல்லித்தரவில்லை. பழகுபவனின் பிழையைத் தன் தலையில் போட்டுக்கொள்ள ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் இருக்கும்வரை பிழைவிட்டுப் பழகலாம். உதவியாளனாக இருப்பதன் பயன் அதுதான். கிளாப் அடிப்பதும், முதல்நாட் காட்சியில் நடிகர் எந்தச் சேட்டுப் போட்டிருந்தார் என்று குறித்துவைப்பதும், துணைநடிகர்களுக்கு வசனம் சொல்லிக்கொடுப்பதும், டப்பிங் அறையில் விடிய விடிய விழித்திருப்பதும் யாரும் சில மாதங்களில் பழகக்கூடியவை. அதற்கு ஏழெட்டு வருடம் தேவையில்லை. அந்த வருடங்கள் பிழை விடுவதற்கானவை.

இனி எங்கள் ஊருக்கு வருவோம். யாழ்ப்பாணத்துக்குச் சினிமா புதிதல்ல. ராஜா, மனோகரா, வின்சர், வெலிங்டன், ராணி, லிடோ, ரீகல் என்று தியேட்டர்களின் பெயர்களைச் சொன்னாலே என் வயதுக்காரருக்கு இளமை திரும்பும். எங்கள் நாட்டிலும் தமிழ்ப் படங்கள் எடுத்தார்கள். 'குத்துவிளக்கு' 1972இல் வந்தது. யாழ்ப்பாண வளாகத்தில் விரிவுரையாளராக இருந்த தர்மசேன பத்திராஜ, சிங்களவர், எங்கள் சாதியையும் சீதனத்தையும் பற்றி 1977இல் 'பொன்மணி' எடுத்தார். காவலூர் இராசதுரை எழுதினார். படம் ஓடவில்லை. அப்படியொரு படம் எங்களுக்கு இருந்தது என்பதையே பலர் பிற்காலத்தில்தான் அறிந்தார்கள். செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று' மறு ஆண்டு படமாகியது. ஒரு தொடர்ச்சி உண்டாகும்போலத் தெரிந்தது. 1983 யூலையில் ஹெந்தளையில் கே. குணரத்தினத்தின் விஜயா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டது. போர்க்காலத்தில் வன்னியில் ஒரு திரைப்படப் பிரிவு இயங்கியது. 'உதிரிப்பூக்கள்' மகேந்திரனே அங்கு வந்து பயிற்சியளித்தார். 2009க்குப் பிறகு அதுவும் இல்லை.

இன்று இளைஞர்கள் கையில் நல்ல கமெரா இருக்கிறது. 2015இலிருந்து யாழ்ப்பாணத்தில் சர்வதேச திரைப்பட விழா நடக்கிறது. குறும்படங்கள் மழைக்காளான்போல வருகின்றன. ஆனால் இருபத்தைந்து வயதில் எல்லோரும் இயக்குநர்கள். உதவி இயக்குநர் என்று சொல்லிக்கொள்ள ஒருவருமில்லை. ஏனென்றால், யாருக்கு உதவுவது? பத்து, இருபது படம் எடுத்த ஒரு ஐம்பது வயதுக்காரர் எங்கே? இருந்திருக்க வேண்டியவர்கள் ரொறொன்ரோவிலும் லண்டனிலும் பாரிஸிலும் வேறு வேலை பார்க்கிறார்கள். சிலர் இல்லாமலே போனார்கள். பிழையைச் சுழித்துக் காட்ட ஒரு கை இல்லாமல் ஒரு தலைமுறை படமெடுக்கிறது. என் மருமகனின் மூன்றாவது படம் இரண்டாவதைவிட மோசமாக இருந்ததற்குக் காரணம், இரண்டாவதில் எது நன்றாக இருந்தது என்பதை அவனுக்குச் சொல்ல ஒருவரும் இல்லாமையே.

ஒருவரும் இல்லை என்று எழுதிவிட்டேன். வாய்விட்டு வாசித்துப் பார்த்தபோது அது பொய் என்று தெரிகிறது. நான் இருந்தேன்.

'ஆடுகளம்' படத்தைப் பார்த்தவர்களுக்குப் பேட்டைக்காரனை நினைவிருக்கும். சேவற்சண்டையில் பழுத்த கிழவர். அவரிடம் பழகும் கருப்பு, குரு கைவிட்ட சேவலை வைத்துக் களத்தில் வென்றுவிடுகிறான். அந்த வெற்றியைக் கிழவரால் தாங்க முடியவில்லை. அதன்பின் அவர் செய்வதெல்லாம் பொறாமையின் வேலை. உதவியாளராக ஆண்டுக்கணக்கில் இருந்து வந்த ஒருவர், தன் இரண்டாவது படத்திலேயே குருவின் மனதுக்குள் இருக்கும் இருட்டைப் பற்றி எடுத்தது எனக்கு எப்போதும் வியப்புத்தான். அந்தப் பேட்டைக்காரனாக நடித்தவர் எங்கள் ஆள். உடுவிலில் பிறந்து, நெடுந்தீவில் வேர்கொண்டு, யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் பொருளியல் படித்து, நோர்வேக்குப் போன கவிஞர் வ.ஐ.ச. ஜெயபாலன். அதற்காகத் தேசிய விருதில் அவருக்குச் சிறப்புக் குறிப்பு கிடைத்தது. மதுரைக் கிழவனுக்கு எங்கள் பேச்சு பொருந்தாதபடியால் ராதாரவி குரல் கொடுத்தார். முகம் எங்களுடையது, குரல் மட்டும் வேறு. யாழ்ப்பாணத்தில் அந்தப் படத்தைப் பார்த்தவர்கள் அந்த முகத்தைக் கண்டு கைதட்டினார்கள். நான் தட்டவில்லை. எனக்கு அந்த முகம் வேறு காரணத்துக்காகப் பழக்கமாயிருந்தது.

2002இல் ஏ9 பாதை திறந்தபிறகு என்னோடு வேலைபார்த்த இளம் நிருபர் ஒருவர், மீள்குடியேறிய கிராமமொன்றுக்குப் போய் ஒரு கட்டுரை எழுதிக்கொண்டு வந்தார். முதற்பந்தியைப் படித்ததுமே அது என்னால் எழுதமுடியாத கட்டுரை என்று எனக்குத் தெரிந்துவிட்டது. பத்து நாள் அதை மேசை லாச்சிக்குள் வைத்திருந்தேன். இடமில்லை என்றேன். பிறகு நீளம் என்றேன். கடைசியில் பாதியாக வெட்டி, ஒரு செவ்வாய்க்கிழமை உட்பக்கத்தில் போட்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. அதன்பின் அப்படியொரு கட்டுரையை அவர் எழுதவுமில்லை. சில வருடங்களில் நாட்டை விட்டுப் போனார். அவர் போனதற்கு நான்தான் காரணம் என்று சொல்லமாட்டேன். அந்த ஆண்டுகளில் பத்திரிகையாளர்கள் போவதற்கு வேறு காரணங்கள் தாராளமாக இருந்தன. ஆனால் அவர் எழுதாமல் விட்டதற்கு?

என் பிழையைத் தன் தலையில் போட்டுக்கொண்ட ஒருவரிடம் பழகியவன்தான் இதைச் செய்தேன். நல்ல குருவிடம் பழகியவன் நல்ல குருவாவான் என்பதற்கு உத்தரவாதமில்லை. பாலு மகேந்திராவிடம் நான் வியப்பது 'வீடு' படத்தை மட்டுமல்ல. தன்னிடம் பழகியவர்கள் தன்னைவிடப் பெரிய கூட்டத்தைத் தியேட்டருக்கு இழுப்பதைப் பார்த்துக்கொண்டு, அவர்களைப் பற்றிப் பெருமை பேசிக்கொண்டு இருந்தாரே, அதைத்தான். கிணற்றடிக் காட்சியை நான் மருமகனிடம் பாராட்டாமல் இருந்தது ஏன் என்று இப்போது உங்களுக்கு விளங்கியிருக்கும். எனக்கும் எழுதும்போதுதான் விளங்கியது.

சொன்னபடி அடுத்த ஞாயிறு இருவரும் வந்தார்கள்.

சென்னைக்குப் போவதை இப்போதைக்கு விடும்படி சொன்னேன். பலாலியில் விமானம் ஏறினால் ஒன்றரை மணித்தியாலத்துக்குள் சென்னையில் இறங்கலாம்தான். ஆனால் சுற்றுலா விசாவில் போய் வேலை செய்ய முடியாது. பிடிபட்டால் பிறகு ஒருபோதும் போகமுடியாமல் வரலாம். பாலு மகேந்திரா பூனாவுக்கு மாணவனாகத்தான் போனார். அப்படியொரு படிப்புக்கு விண்ணப்பித்து, முறைப்படி போவதென்றால் அதற்குரிய பணத்தில் ஒரு பகுதியை நான் தருவதாகச் சொன்னேன். வெற்றிமாறன்கூட 2022இல் சென்னையில் பன்னாட்டுத் திரை-பண்பாட்டு ஆய்வகத்தைத் தொடங்கி, வசதியற்ற பிள்ளைகளுக்கு இலவசமாகப் பயிற்சி கொடுக்க முன்வந்தார். வழி இல்லாதவர்களுக்காக அவர் ஒரு வழி வெட்டினார். எங்கள் பக்கமும் யாராவது வெட்டத்தானே வேண்டும்.

அதுவரைக்கும் ஒரு வேலை பார்த்து வைத்திருந்தேன். எனக்குத் தெரிந்த சிங்கள இயக்குநர் ஒருவர் தீவுப்பகுதியில் படப்பிடிப்புக்கு வருகிறார். தமிழ் தெரிந்த உதவியாளர் ஒருவர் தேவை. சம்பளம் சொல்லும்படியாக இல்லை. சாப்பாடு உண்டு. மூன்று மாதம்.

"சிங்களப் படமோ மாமா?" என்றான்.

"'பொன்மணி'யை எடுத்தது ஆர்?" என்றேன். அவன் அந்தப் பெயரைக் கேள்விப்பட்டிருக்கவில்லை. சொல்லிக்கொடுத்தேன்.

தங்கைக்கு முழுத் திருப்தி இல்லை. ஆனால் மூன்று மாதம் என்பது ஏழெட்டு வருடத்தைவிடக் குறைவு என்பதில் சற்று ஆறுதல். அவள் குசினிப் பக்கம் எழுந்து போனபிறகு, "உன்ர ரெண்டாவது படத்தில கிணத்தடியில ஒரு மனிசி நிக்கிறா. அதை எப்பிடி எடுத்தனி?" என்று கேட்டேன். அவன் என்னை ஏறிட்டுப் பார்த்தான். அது தன் அப்பம்மா என்றான். நடிக்கச் சொன்னபோது அவவுக்குப் பழைய ஞாபகம் வந்து அப்படியே நின்றுவிட்டதாகவும், கமெராவை நிறுத்த மனம் வராமல் விட்டுவிட்டதாகவும் சொன்னான்.

"அது நல்லாயிருந்தது. நானெண்டால் நிப்பாட்டியிருப்பன்" என்றேன்.

"ஏன் மாமா அப்ப சொல்லேல்லை?"

பதில் சொல்லாமல், அலுமாரியிலிருந்து ஒரு சிறுகதைத் தொகுதியை எடுத்துக் கொடுத்தேன். கிழமைக்கு ஒரு கதை வாசித்து, ஒரு பக்கத்தில் சுருக்கி எழுதிக்கொண்டு வரவேண்டும் என்பது ஏற்பாடு. நேற்று முதற் பக்கத்தைக் கொண்டுவந்தான். பதினொரு பிழைகள். சிவப்புப் பேனையால் சுழித்துத் திருப்பிக் கொடுத்தேன். வாய்விட்டு வாசித்துக்கொண்டே படலையைத் தாண்டிப் போனான்.